எண்ணெய் கொதிக்குமா, காயுமா?

தீபாவளிக்கு நான்கு நாள் இருக்கும்போதே எங்கள் வீட்டில் சோமாசி வேலை தொடங்கிவிடும். தஞ்சாவூருக்குப் பக்கத்தில் ஒரு கிராமம். வெளியே ஐப்பசி அடைமழை. உள்ளே கூடத்தில் எல்லோரும் வட்டமாக உட்கார்ந்திருப்போம். அத்தை மாவைச் சின்ன அப்பளம் போலத் தேய்த்துப் போடுவார். அம்மா நடுவில் இனிப்புப் பூரணம் வைத்து, பிறை நிலா போல மடித்து ஒட்டுவார். பல்சக்கரம் வைத்த சோமாசிக் கரண்டியால் ஓரத்தை வெட்டுவது பிள்ளைகள் வேலை. அடுப்புக்கு முன்னால் உட்காருவது மட்டும் பாட்டியின் வேலை. அதை யாருக்கும் விட்டுத்தர மாட்டார்.

ஒரு வருடம், பாட்டி முதல் சோமாசியை வாணலியில் விட்டதும் குபுகுபுவென்று குமிழிகள் கிளம்பின.

"பாட்டி, எண்ணெய் கொதிக்குது!" என்று கத்தினேன்.

"தண்ணிதான்டி கொதிக்கும். எண்ணெய் காயும்" என்றார் பாட்டி.

"அப்ப இத்தனை குமிழி விடுறது எது?"

பாட்டி பதில் சொல்லவில்லை. சோமாசியைத் திருப்பிப் போடுவதில் கவனமாக இருந்தார். அந்தக் கேள்விக்கு விடை பின்னாளில் அறிவியல் படித்தபோதுதான் எனக்குக் கிடைத்தது. குழந்தைகளே, அதை இன்று உங்களுக்குச் சொல்கிறேன்.

குமிழி விடுவது யார்?

தண்ணீர் 100 டிகிரி செல்சியஸில் கொதிக்கும். சோமாசி பொரிக்கும் எண்ணெயின் சூடு ஏறத்தாழ 160 டிகிரி இருக்கும். இவ்வளவு சூட்டிலும் எண்ணெய் கொதிப்பதில்லை. அடுப்பை இன்னும் தூண்டினால் அது புகையும், கெட்டுப்போகும், தீப்பிடிக்கவும் செய்யும். கொதிப்பதற்கு முன்பே இதெல்லாம் நடந்துவிடும். சும்மா காய்ந்த எண்ணெயைப் பாருங்கள், அசையாமல் கிடக்கும். பாட்டி சொன்ன 'காயும்' என்ற சொல் எவ்வளவு சரியான சொல்!

அப்படியானால் கொதித்தது எது? மாவுக்குள் இருந்த தண்ணீர். மாவைத் தண்ணீர் விட்டுத்தானே பிசைந்தோம்? 100 டிகிரியில் ஆவியாகும் தண்ணீர் திடீரென்று 160 டிகிரி எண்ணெய்க்குள் போய் விழுகிறது. உடனே நீராவியாகி, வெளியே போக வழி தேடுகிறது. நீங்கள் பார்க்கும் குமிழியெல்லாம் அந்த நீராவிதான்.

தண்ணீர் ஆவியானால் அதன் இடம் சுமார் 1,600 மடங்கு பெருகும். ஒரு தேக்கரண்டி, அதாவது 5 மில்லி தண்ணீர், 8 லிட்டர் நீராவியாக விரியும். அதனால்தான் எண்ணெயில் விட்டதும் அடிக்குப் போன சோமாசி, கொஞ்ச நேரத்தில் மேலே மிதந்து வருகிறது. உள்ளே பிறந்த நீராவி மேல்தோலை உப்ப வைக்கிறது. எடை கூடவில்லை, பருமன் மட்டும் கூடியது. தன் பருமனுக்கு எண்ணெயைவிட லேசாகிவிட்டதால் மிதக்கிறது. தோலின் மேல் தெரியும் சின்னச் சின்னக் கொப்புளங்களும் நீராவி விட்டுச் சென்ற அடையாளங்களே.

குமிழி குறையக் குறையச் சலசலப்பும் குறையும். "சத்தம் அடங்கினதும் எடுத்துடணும்" என்பார் பாட்டி. சத்தம் அடங்கியது என்றால் மாவில் ஈரம் தீர்ந்தது என்று பொருள். பாட்டி காதால் ஈரத்தை அளந்திருக்கிறார்!

வைக்கோல் பிரியும் மைதாவும்

நம் டெல்டா நெல் விளையும் பூமி. கோதுமை இங்கே விளைவதில்லை. பிறகு ஏன் சோமாசிக்கு அரிசி மாவை விட்டுவிட்டு மைதாவைத் தேடுகிறோம்?

களத்தில் வைக்கோல் பிரி திரிப்பதைப் பார்த்திருக்கிறீர்களா? காய்ந்த வைக்கோலை அப்படியே முறுக்கினால் ஒடியும். தண்ணீர் தெளித்து முறுக்கினால் ஒன்றோடு ஒன்று பிணைந்து கயிறாகிவிடும். மைதாவிலும் இதே வேலைதான் நடக்கிறது. கோதுமையில் குளூட்டெனின், கிளையடின் என்று இரண்டு புரதங்கள் உண்டு. தண்ணீர் பட்டு, கை பிசையப் பிசைய, அவை பிணைந்து குளூட்டன் என்ற இழுபடும் வலையாகின்றன. மெல்லிசாகத் தேய்த்தாலும் சோமாசித் தோல் கிழியாமல் இருப்பதற்கு அந்த வலைதான் காரணம்.

அரிசியிலும் புரதம் உண்டு. ஆனால் அது இப்படி வலை பின்னாது. பச்சைத் தண்ணீர் விட்டுப் பிசைந்த அரிசி மாவைத் தேய்த்தால் பிளந்துவிடும். அதனால்தான் கொழுக்கட்டைக்கு மாவைக் கொதிநீரில் கிளறுகிறோம். அந்தச் சூட்டில் அரிசியின் மாவுச்சத்து தண்ணீரைக் குடித்து வீங்கி, பசையாகி, மாவைச் சேர்த்துப் பிடிக்கிறது. கொழுக்கட்டையைப் பிடிப்பது பசை, சோமாசியைப் பிடிப்பது வலை.

வலை ரொம்பவும் வலுவாக இருந்தாலும் தொல்லை. சோமாசி மொறுமொறுப்பாக இராமல் சவசவ என்று இழுபடும். அதற்குத்தான் மாவில் முதலில் சூடான நெய்யை ஊற்றிப் பிசறுகிறோம். நெய் மாவுத் துகள்களின் மேல் பூசிக்கொண்டு, தண்ணீர் அவற்றை முழுதாக நனைக்காமல் தடுக்கிறது. நீளமாகப் பின்னவேண்டிய வலை துண்டு துண்டாக நின்றுவிடுகிறது. கடித்ததும் 'படக்' என்று உடைவது அந்த நெய்யின் உபயம்.

பிசைந்த மாவை ஈரத்துணி போட்டு அரை மணி நேரம் மூடி வைப்பதற்கும் காரணம் உண்டு. பிசைந்த உடனே தேய்த்தால் மாவு ரப்பர் போலச் சுருங்கிக்கொள்ளும். சற்று ஓய்வு கொடுத்தால் வலையின் இறுக்கம் தளரும். மாவு சொன்ன இடத்தில் நிற்கும்.

உள்ளே ஈரம் கூடாது

இனிப் பூரணம். எங்கள் வீட்டுப் பூரணம் பொட்டுக்கடலை மாவு, பொடித்த சர்க்கரை, தேங்காய்த் துருவல், ஏலக்காய் சேர்ந்தது. பொட்டுக்கடலை ஏற்கெனவே வறுபட்டது, ஈரமில்லாதது. தேங்காய் அப்படியல்ல. புதிதாகத் துருவிய தேங்காயில் கிட்டத்தட்டப் பாதி தண்ணீர்தான்.

ஒரு வருடம் அவசரத்தில் தேங்காயைச் சரியாக வறுக்காமல் கலந்துவிட்டோம். எண்ணெயில் விட்டதும் இரண்டு சோமாசிகள் வாய் பிளந்தன. தேங்காயின் ஈரம் நீராவியாகி ஒட்டிய ஓரத்தைத் தள்ளித் திறந்துவிட்டது. சர்க்கரை வெளியே கொட்டிக் கருகி, எண்ணெய் முழுவதும் கறுத்துப்போனது. வாணலியை இறக்கி, வேறு எண்ணெய் வைக்கவேண்டியதாயிற்று. தேங்காயைச் சலசலவென்று உதிரும்வரை ஏன் வறுக்கச் சொல்கிறார்கள் என்று அன்று புரிந்தது.

ஓரத்தை ஒட்டுவதற்கு மட்டும் ஒரு துளி தண்ணீர் தேவை. விரலால் ஓரத்தில் லேசாகத் தடவினால் மேலேயிருக்கும் மாவு நனைந்து பிசுபிசுப்பாகி ஒட்டிக்கொள்கிறது.  ஓரத்தில் பூரணத் தூளோ நெய்யோ பட்டிருந்தால் ஒட்டாது.

ஒன்று சிவக்கும், ஒன்று வெளுக்கும்

பூரணக் கொழுக்கட்டையை ஒரு மணி நேரம் ஆவியில் வைத்தாலும் அது சிவக்காது. சோமாசி சில நிமிடங்களில் பொன்னிறமாகிறது. ஏன்?

இட்லிப் பானையின் நீராவி 100 டிகிரிக்கு மேல் சூடேறாது. பொன்னிறமும் வறுத்த மணமும் வர அதைவிட நிறையச் சூடு வேண்டும். சுமார் 140 டிகிரிக்கு மேல், மாவிலுள்ள புரதத்தின் கூறுகளும் சர்க்கரையின் கூறுகளும் வேகமாகச் சேர்ந்து புதுப்புது நிறங்களையும் மணங்களையும் உண்டாக்குகின்றன. பிரான்ஸ் நாட்டு அறிவியலர் லூயி கமில் மயார் இதை 1912-இல் விளக்கினார். அவர் பெயராலேயே மயார் வினை என்கிறோம். தோசையின் முறுகல், வறுத்த வேர்க்கடலையின் வாசனை எல்லாம் இந்த வினையின் வேலை.

சோமாசியின் தோலில் ஈரம் இருக்கும்வரை அதன் சூடும் 100 டிகிரியைத் தாண்டாது. வரும் வெப்பத்தையெல்லாம் தண்ணீர் ஆவியாவதற்கே எடுத்துக்கொள்ளும். 0 டிகிரித் தண்ணீரைக் கொதிநிலைக்குக் கொண்டுவரத் தேவையான வெப்பத்தைப் போல 5 மடங்குக்கு மேல், அதை ஆவியாக்கத் தேவை! ஒரே நேரத்தில் பத்துப் பன்னிரண்டு சோமாசி போட்டால் எண்ணெயின் சூடு சட்டென்று இறங்கிவிடும். எனவே நான்கைந்தாகத்தான் போடவேண்டும். அடுப்பைப் பெரிதாக எரிய விட்டாலும் ஆபத்து. உள்ஈரம் போவதற்குள் வெளியே சிவந்துவிடும். பார்க்க அழகாக இருக்கும், மறுநாள் உள்ஈரம் தோலுக்கு வந்து நமத்துப்போகும். மிதமான தீதான் சோமாசிக்குப் பதம்.

சோமாசியின் உறவுக்காரர்கள்

மாவுக்குள் இனிப்பை வைத்து மடித்துப் பொரிப்பது நமக்கு மட்டும் தெரிந்த கலை அல்ல. மராட்டியர் இதைக் கரஞ்சி என்பார்கள். ஆந்திரத்தில் கஜ்ஜிகாய, கன்னட நாட்டில் கர்ஜிகாயி, வடக்கே ஹோலிப் பண்டிகைக்குக் குஜியா. தஞ்சாவூரை 1676 முதல் 1855 வரை மராட்டிய அரசர்கள் ஆண்டார்கள். கரஞ்சி தின்று வளர்ந்த மக்களும் சோமாசி தின்று வளர்ந்த மக்களும் ஒரே ஊரில் பக்கத்துப் பக்கத்துத் தெருக்களில் வாழ்ந்திருக்கிறார்கள்.

தஞ்சாவூர், கும்பகோணம் இனிப்புக் கடைகளில் சந்திரகலா, சூரியகலா என்று இரண்டு உண்டு. பிறை வடிவில் இருப்பது சந்திரகலா, வட்டமாக இருப்பது சூரியகலா. உள்ளே கோவா. பாலைச் சுண்டக் காய்ச்சி, தண்ணீரை விரட்டினால் கிடைப்பதுதான் கோவா. பொரித்த பிறகு சர்க்கரைப் பாகில் ஊறவைப்பார்கள். தண்ணீரை விரட்டினாலும் கோவாவில் கொஞ்சம் ஈரம் மிச்சம் இருக்கும். அதனால் சோமாசி போல அதை நாள் கணக்கில் வைத்திருக்க முடியாது. சீக்கிரம் சாப்பிட்டுவிடவேண்டும்.

செய்து பாருங்கள்

முதல் சோதனை: கைப்பிடி மைதாவைத் தண்ணீர் விட்டு நன்றாகப் பிசைந்து உருட்டுங்கள். அரை மணி கழித்து, ஒரு கிண்ணத் தண்ணீருக்குள் வைத்து மெல்லக் கசக்குங்கள். தண்ணீர் பால் போல வெளுக்கும். அது மாவுச்சத்து. தண்ணீரை மாற்றி மாற்றிக் கசக்கினால் கடைசியில் கையில் ரப்பர் போல ஒன்று மிஞ்சும். அதுதான் குளூட்டன். அரிசி மாவிலும் செய்து பாருங்கள். கையில் எதுவும் மிஞ்சாது.

இரண்டாம் சோதனை: மழை நாளில் ஒரு சோமாசியை மூடிய டப்பாவிலும், இன்னொன்றைத் திறந்த தட்டிலும் வையுங்கள். மறுநாள் இரண்டையும் கடித்துப் பாருங்கள். தட்டில் இருந்தது நமத்திருக்கும். காற்றின் ஈரத்தை அது உறிஞ்சிக்கொண்டது.

சோமாசியே செய்ய ஆசையா? 2 கப் மைதா, 2 மேசைக்கரண்டி ரவை, 2 மேசைக்கரண்டி சூடான நெய், ஒரு சிட்டிகை உப்பு மேல்மாவுக்கு. பூரணத்துக்கு 1 கப் பொட்டுக்கடலை, முக்கால் கப் சர்க்கரை, அரை கப் வறுத்த தேங்காய்த் துருவல், 4 ஏலக்காய். நெய் ஊற்றிப் பிசறுவதையும் பொரிப்பதையும் பெரியவர்கள்தான் செய்யவேண்டும். தேய்ப்பது, அடைப்பது, மடிப்பது, வெட்டுவது உங்கள் பங்கு. ஈரக் கையோடு வாணலிப் பக்கம் போகாதீர்கள். எண்ணெயில் தீப்பிடித்தால் தண்ணீர் ஊற்றவே கூடாது. தண்ணீர் எண்ணெயைவிடக் கனமானது. அடிக்குப் போய் ஒரு நொடியில் ஆவியாகி, எரியும் எண்ணெயை நாலாபுறமும் வாரி இறைக்கும்.

நெல்லும் சோமாசியும்

சோமாசி பாட்டியின் தகர டப்பாவில் இரண்டு வாரம் கெடாமல் இருக்கும். கொழுக்கட்டை மறுநாளே ஊசிப்போகும். நுண்ணுயிர்கள் வாழத் தண்ணீர் வேண்டும். ஈரமில்லாத சோமாசியில் அவற்றுக்குப் பிழைப்பு இல்லை.

அதே ஐப்பசியில் எங்கள் ஊர்ச் சாலையைப் பார்த்தால் ஒரு பக்கம் முழுவதும் குறுவை நெல் பரப்பியிருக்கும். மழை விட்ட நேரத்தில் தார்ப்பாயை விலக்குவார்கள், காலால் கிளறுவார்கள், மேகம் கூடினால் ஓடிவந்து மூடுவார்கள். அரசு நேரடி கொள்முதல் நிலையங்களில் வழக்கமாக 17 சதவீத ஈரம் வரைதான் நெல்லை எடுப்பார்கள். ஈரம் அதிகமாக இருந்தால் நெல் முளைத்துவிடும், பூசணம் பிடிக்கும். ஒரு பருவ உழைப்பு வீணாகும்.

வீட்டுக்குள் பாட்டி தேங்காயை வறுத்துக்கொண்டிருந்தார். வெளியே தாத்தா நெல்லைக் கிளறிக்கொண்டிருந்தார். இருவரும் ஈரத்தோடுதான் போராடினார்கள். இருவரும் சொன்ன சொல்லும் ஒன்றே. "எண்ணெய் காயட்டும்" என்றார் பாட்டி. "நெல் காயட்டும்" என்றார் தாத்தா. சூடேறுவதற்கும் ஈரம் போவதற்கும் தமிழில் ஒரே சொல்தான், காய்தல். வாணலிக்குள் அந்த இரண்டு பொருளும் ஒரே நேரத்தில் நடக்கின்றன. எண்ணெய் காய்கிறது, அதில் மாவு காய்கிறது.

இந்தத் தீபாவளிக்கு உங்கள் வீட்டில் சோமாசி பொரிக்கும்போது வாணலியிலிருந்து சற்றுத் தள்ளி நின்று, கண்ணை மூடிக் காது கொடுங்கள். சலசலப்பு மெல்ல அடங்கும். அப்போது சொல்லுங்கள்: "பாட்டி, காஞ்சிடுச்சு, எடுத்துடுங்க!"