'ஆஃப்-பீஸ்ட்' என்றால் என்ன? பனிச்சறுக்கு விபத்துச் செய்திகளில் வரும் இந்த வார்த்தையை எப்படிப் புரிந்துகொள்வது?

ஒவ்வொரு குளிர்காலத்திலும் ஆல்ப்ஸ் மலையில் இருந்து ஒரே மாதிரியான செய்தி வரும். 'ஆஃப்-பீஸ்ட்' பகுதியில் சறுக்கியவர்கள் பனிச்சரிவில் சிக்கினார்கள், இத்தனை பேர் உயிரிழந்தார்கள் என்று. இப்போது காஷ்மீரின் குல்மார்க்கில் இருந்தும் அந்த மாதிரிச் செய்திகள் வருகின்றன.

பனிச்சறுக்கு தெரிந்தவர்களுக்கு இந்த வார்த்தை சாதாரணம். நம்மில் பலருக்கு அது வெறும் ஒரு இங்கிலீஷ் வார்த்தை. 'பீஸ்ட்' என்றதும் விஜய் படம்தான் ஞாபகத்துக்கு வரும். ஆனால் தமிழில் எழுதும்போதுதான் இரண்டும் ஒன்று. அர்த்தத்தில் சம்பந்தமே கிடையாது.

பலர் இதை 'தடை செய்யப்பட்ட பகுதி' என்று புரிந்துகொள்கிறார்கள். 'அங்க ஏன் போனாங்க, அதான் இப்படி ஆச்சு' என்று கமென்ட்டும் போடுகிறார்கள். அது சரியான அர்த்தமா?

இந்த வார்த்தை எங்கிருந்து வந்தது?

'பீஸ்ட்' பிரெஞ்சு மொழி வழியாக வந்த வார்த்தை. அதன் வேர் இத்தாலிய, லத்தீன் மொழிகளில் இருக்கிறது. மிதித்து, இடித்துக் கெட்டியாக்குவது என்பதுதான் மூலப் பொருள். ஆட்கள் நடந்து நடந்து உருவாகும் ஒற்றையடிப் பாதையை நினைத்துப் பாருங்கள். அதுதான் பீஸ்ட்.

பிரெஞ்சில் விமான ஓடுபாதை, நடனம் ஆடும் தளம், சர்க்கஸ் வட்டம் எல்லாமே பீஸ்ட்தான். வாள்வீச்சுப் போட்டி நடக்கும் 14 மீட்டர் நீளமுள்ள ஆடுகளத்துக்கும் இதே பெயர். டோக்கியோ ஒலிம்பிக்கில் சென்னையைச் சேர்ந்த பவானி தேவி இறங்கி விளையாடியதும் ஒரு பீஸ்ட்டில்தான்.

ஆக, பீஸ்ட் என்றால் தயார் செய்யப்பட்ட பாதை. ஆஃப்-பீஸ்ட் என்றால் அந்தப் பாதைக்கு வெளியே. பிரெஞ்சில் இதை 'ஓர்-பீஸ்ட்' என்பார்கள். அமெரிக்காவில் சறுக்கு மையத்தின் எல்லைக்கு வெளியே இருக்கும் மலைப்பகுதியை 'பேக்கன்ட்ரி' என்று சொல்வது வழக்கம்.

பீஸ்ட்டில் என்ன வேலை நடக்கிறது?

வீடியோவில் பார்த்தால் எல்லாப் பனியும் ஒன்று போலத்தான் தெரியும். ஆனால் பீஸ்ட் என்பது தினமும் பராமரிக்கப்படும் ஒரு இடம்.

ராத்திரி, டேங்க் மாதிரி சங்கிலிச் சக்கரம் வைத்த பெரிய இயந்திரங்கள் பனியை அமுக்கிச் சமன் செய்யும். காலையில் பாதுகாப்பு ஊழியர்கள் முதலில் இறங்கிப் பார்ப்பார்கள். மேலே பனி ஆபத்தான அளவுக்குச் சேர்ந்திருந்தால், சறுக்குபவர்கள் வருவதற்கு முன்பே வெடி வைத்து அதைச் சரிய விடுவார்கள். பாறை இருக்கும் இடங்களில் அடையாளம் வைப்பார்கள். நிலைமை சரியில்லை என்றால் பாதையையே மூடிவிடுவார்கள்.

ஓரத்தில் கம்பங்கள் நட்டு எல்லையும் காட்டியிருப்பார்கள். ஐரோப்பாவில் இந்தப் பாதைகளுக்கு நிறம் உண்டு. பிரான்ஸில் பச்சை என்றால் புதிதாகக் கற்பவர்களுக்கு. நீலம் சுலபம், சிவப்பு கஷ்டம், கறுப்பு மிகவும் கஷ்டம்.

இதில் ஒரு விஷயத்தைக் கவனிக்க வேண்டும். அந்த நிறம் சொல்வது பாதை எவ்வளவு கடினம் என்பதைத்தான். கறுப்புப் பாதை செங்குத்தாக இருக்கலாம். ஆனாலும் யாரோ ஒருவர் அதைச் சோதித்து, திறக்கலாம் என்று முடிவு செய்திருக்கிறார்.

அப்போ ஆஃப்-பீஸ்ட்?

அங்கே இது எதுவும் கிடையாது. சிம்பிளா சொன்னா, ஆஃப்-பீஸ்ட் என்பது உங்களுக்காக யாரும் முன்கூட்டியே பார்த்து வைக்காத பனி.

சரிவு செங்குத்தாக இருக்கிறதா, சாதாரணமாக இருக்கிறதா என்பது இரண்டாவது கேள்வி. பாறை எங்கே, பள்ளம் எங்கே, மேலே இருக்கும் பனி நிற்குமா, சரியுமா என்று முடிவு செய்யும் பொறுப்பு முழுக்கச் சறுக்குபவரிடம் வந்துவிடுகிறது. பாதைக்கும் வெளிக்கும் உள்ள உண்மையான வித்தியாசம் இதுதான்.

இன்னொரு தவறான எண்ணம், ஆஃப்-பீஸ்ட் என்றால் ஆள் இல்லாத மலைக்குள் வெகுதூரம் போவது என்பது. அதற்குப் பதில் மைக்கேல் ஷூமேக்கரின் விபத்து.

ஃபார்முலா 1 பந்தயத்தில் 7 முறை உலக சாம்பியனான அவர், 2013 டிசம்பர் 29 அன்று பிரான்ஸின் மெரிபெல் என்ற இடத்தில் சறுக்கிக்கொண்டிருந்தார். இரண்டு பீஸ்ட்களுக்கு நடுவே இருந்த, தயார் செய்யப்படாத பகுதிக்குள் சென்றார். பனிக்குள் மறைந்திருந்த பாறையில் ஸ்கீ இடித்தது. விழுந்த வேகத்தில் தலை இன்னொரு பாறையில் மோதியது. ஹெல்மெட் போட்டிருந்தார். ஆனாலும் மூளையில் பலத்த காயம்.

பாறை இருந்த இடம் பீஸ்ட்டின் ஓரத்தில் இருந்து 10 மீட்டருக்கும் குறைவான தூரம். ஒரு பஸ்ஸின் நீளம்கூட வராது. விசாரணை நடத்திய பிரான்ஸ் அரசு வழக்கறிஞர்கள், பாதையின் எல்லை அடையாளங்கள் விதிப்படியே இருந்தன என்றும், யார் மீதும் குற்றம் இல்லை என்றும் 2014 பிப்ரவரியில் வழக்கை முடித்துவிட்டார்கள்.

அங்கே போவது சட்டப்படி குற்றமா?

பொதுவாகக் குற்றம் இல்லை. ஆல்ப்ஸ் மலையில் ஆயிரக்கணக்கானோர் ஆஃப்-பீஸ்ட் போகிறார்கள். யாரும் தொடாத மெத்தை போன்ற பனியில் சறுக்குவதற்காகவே போகிறவர்கள் உண்டு. அதற்கென்றே பயிற்சி பெற்ற வழிகாட்டிகளும் இருக்கிறார்கள்.

'ஆஃப்-பீஸ்ட்' வேறு, 'மூடப்பட்ட பகுதி' வேறு. கயிறு கட்டி மூடிய இடத்துக்குள் நுழைவதற்கு அமெரிக்காவின் கொலராடோ மாநிலத்தில் அபராதம் உண்டு. ஆனால் ஆஃப்-பீஸ்ட் என்று செய்தியில் வந்ததாலேயே அவர் தடையை மீறினார் என்று அர்த்தம் ஆகாது.

ஆனால் காப்பீட்டில் இந்த வார்த்தை பெரிய விஷயம். பல பயணக் காப்பீடுகளில் ஆஃப்-பீஸ்ட் விபத்துக்குப் பணம் கிடைக்காது. சிலவற்றில் வழிகாட்டியோடு போனால்தான் கிடைக்கும். ஹெலிகாப்டர் மீட்புச் செலவு குடும்பத்தின் தலையில் விழலாம். பனிச்சறுக்கு டூர் புக் செய்பவர்கள் பாலிசியில் இந்த ஒரு வார்த்தையைத் தேடிப் பார்ப்பது நல்லது.

பனி ஏன் சரிகிறது?

மலையில் பனி ஒரே நாளில் விழுவதில்லை. அடுக்கடுக்காகச் சேர்கிறது. நடுவில் ஒரு அடுக்கு சர்க்கரை மாதிரி பிடிமானம் இல்லாமல் இருக்கலாம். அதன் மேல் கெட்டியான பனிப் பலகை உட்கார்ந்திருக்கும். ஒரு ஆளின் எடை மேலே விழுந்தால் போதும், பலகை மொத்தமாக உடைந்து சரியும். 30 முதல் 45 டிகிரி வரை சாய்ந்த சரிவுகளில்தான் இது அதிகம்.

சினிமாவில் காட்டுவது போல, சத்தம் போட்டதால் பனி சரிவதில்லை. உயிரைப் பறிக்கும் பெரும்பாலான பனிச்சரிவுகளைத் தொடங்கி வைப்பது, அதில் சிக்கியவரோ அவரோடு வந்தவரோதான்.

புதைந்தவருக்கு இருக்கும் நேரம் ரொம்பக் குறைவு. முதல் 10 நிமிடத்தில் வெளியே எடுத்தால் பத்தில் ஒன்பது பேர் பிழைக்கிறார்கள். அரை மணி நேரம் தாண்டினால் மூன்றில் ஒருவர் பிழைப்பதே பெரிது. மீட்புக் குழு வருவதற்குள் அந்த நேரம் போய்விடும். உடன் வந்தவர்கள்தான் தோண்டி எடுக்க வேண்டும். அதனால்தான் சிக்னல் அனுப்பும் கருவி, நீளமான கம்பி, மண்வெட்டி மூன்றையும் ஒவ்வொருவரும் எடுத்துப் போக வேண்டும் என்கிறார்கள். சரிந்து நின்ற பனி கான்கிரீட் மாதிரி இறுகிவிடும். கையால் தோண்ட முடியாது.

ஆபத்தைச் சொல்ல ஐரோப்பாவில் 1 முதல் 5 வரை அளவு வைத்திருக்கிறார்கள். 5-க்கு 3 என்றால் பாஸ் மார்க் மாதிரி, பரவாயில்லை என்று தோன்றும். ஆனால் ஆல்ப்ஸில் உயிரிழப்புகள் அதிகம் நடப்பதே 3-ஆம் நிலையில்தான். 5 என்றால் யாரும் வெளியே வர மாட்டார்கள். 3 என்றால் துணிந்து இறங்குவார்கள்.

நெதர்லாந்து இளவரசர் ஃப்ரீசோவுக்கு ஆஸ்திரியாவின் லெக் புதிய இடம் இல்லை. அரச குடும்பம் வழக்கமாகப் போகும் ஊர். 2012 பிப்ரவரி 17 அன்று அங்கே எச்சரிக்கை 4-ஆம் நிலையில் இருந்தது. ஆஃப்-பீஸ்ட் போனபோது பனி சரிந்தது. சுமார் 25 நிமிடம் புதைந்திருந்தார். முழு நினைவு திரும்பாமலே 2013 ஆகஸ்டில் இறந்தார். உடன் சென்றவரிடம் காற்றுப்பை இருந்தது, அவர் தப்பினார்.

குல்மார்க்கில் என்ன நிலைமை?

இந்தியாவில் பனிச்சறுக்கு என்றால் முதலில் வருவது குல்மார்க். அங்கே கோண்டோலா என்ற கேபிள் கார், அபர்வாத் மலையில் சுமார் 3,900 மீட்டர் உயரம் வரை கொண்டுபோய் விடும். புதிதாகக் கற்பவர்களுக்கான சரிவுகள் எல்லாம் கீழே இருக்கின்றன. உச்சியில் இருந்து இறங்கும் சரிவுகள் பெரும்பாலும் இயந்திரம் போகாத இயற்கையான பனி. வெளிநாட்டுக்காரர்கள் தேடி வருவதே அதற்காகத்தான்.

2023 பிப்ரவரி 1 அன்று அபர்வாத்தில் பனி சரிந்து போலந்து நாட்டைச் சேர்ந்த 2 பேர் உயிரிழந்தார்கள். 19 வெளிநாட்டினர் மீட்கப்பட்டார்கள். 2024 பிப்ரவரி 22 அன்று நடந்த இன்னொரு சரிவில் ரஷ்யர் ஒருவர் உயிரிழந்தார்.

'நான் சறுக்கவே போறதில்லை, எனக்கென்ன?'

பனிக்கு நீங்கள் ஸ்கீ மாட்டியிருக்கிறீர்களா என்பது தெரியாது. நடந்து போனாலும், ஸ்லெட்ஜில் உட்கார்ந்து போனாலும் எடை எடைதான். போட்டோவுக்காகக் கம்பத்தைத் தாண்டி நாலு அடி போவதும் ஆஃப்-பீஸ்ட்தான்.

எனவே பனிமலைக்குக் குடும்பத்தோடு போகிறீர்கள், யாராவது மேலே கூட்டிட்டுப் போறேன் என்கிறார் என்றால், மூன்று கேள்வி கேளுங்கள். இந்தப் பாதையை இன்று யாராவது சோதித்தார்களா? இன்றைய பனிச்சரிவு எச்சரிக்கை எந்த நிலையில் இருக்கிறது? ஏதாவது நடந்தால் நம்மைத் தோண்டி எடுக்க யார் இருக்கிறார்கள்? ஒன்றுக்காவது பதில் இல்லை என்றால் கீழேயே ஒரு டீ குடித்துவிட்டுத் திரும்பிவிடலாம்.

ஆபீஸ் மீட்டிங்கிலும் இந்த வார்த்தை

பிரிட்டிஷ் ஆங்கிலத்தில், பேச்சு தலைப்பை விட்டு விலகினாலும் ஆஃப்-பீஸ்ட் போயிட்டோம் என்பார்கள். எழுதிக் கொடுத்ததை விட்டுவிட்டு அரசியல்வாதி சொந்தமாகப் பேசினாலும் இதே வார்த்தைதான். நாம் 'ட்ராக் மாறிட்டான்' என்று சொல்வது கிட்டத்தட்ட அதேதான். அங்கே தப்பு நடந்தால் ஒரு சிரிப்போடு போய்விடும்.

மலையில் அப்படி இல்லை. அதற்காக உயிரிழந்தவரைப் பார்த்து 'திமிர்ல போனாரு' என்று சொல்லிவிடவும் முடியாது. தெரிந்தே, தயாராகப் போனவர்கள் உண்டு. தெரியாமல் சில மீட்டர் விலகியவர்களும் உண்டு. அடுத்த முறை செய்தியில் இந்த வார்த்தை வந்தால், அது சொல்வது அந்த இடத்தைப் பற்றி மட்டும்தான் என்று புரிந்துகொள்ளுங்கள். அங்கே பனியைச் சோதித்து வைக்க யாரும் இல்லை. அங்கே போனவர் எப்படிப்பட்டவர் என்பதை அந்த ஒரு வார்த்தை சொல்வதில்லை.