காணி அளவையும் கந்தோர் மௌனமும்

எம்மிடம் பயிலும் மாணவன் ஒருவனின் பாட்டனார் சென்ற ஆண்டு எம்மைக் காண வந்தார். வன்னியிலே குடியேற்றக் காணி பெற்று, காடு வெட்டிக் கழனியாக்கியவர். அவர் கையிலிருந்த துணிப்பையில் அனுமதிப்பத்திரம், பற்றுச்சீட்டுகள், கிராம அலுவலரின் கடிதம் யாவும் இருந்தன. காணியை அளந்து தருமாறு ஆறு ஆண்டுகளாகக் கந்தோருக்கு நடக்கின்றாராம்.

"அடுத்த கிழமை வாங்கோ எண்டு சொல்லுவினம், மாஸ்ரர், நானும் போவன்."

எழுதிக் கொடுத்த விண்ணப்பத்தின் பிரதியைக் கேட்டோம். அப்படியொன்று இல்லை. ஆறு ஆண்டுகளும் வாயாற் கேட்டதே. எம் நெஞ்சு துணுக்குற்றது.

1935 ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின்கீழ் அனுமதிப்பத்திரம் பெற்றோர், நிபந்தனைகளை நிறைவேற்றியபின் அளிப்புப் பத்திரம் கோரலாம். காணி அளக்கப்பட்டு வரைபடம் எழுந்தாலன்றி அப்பத்திரம் எளிதிற் கைக்கு வாராது. பிரதேச செயலாளர் கோரிக்கை அனுப்ப வேண்டும். நில அளவைத் திணைக்களத்தார் வந்து அளக்க வேண்டும். ஒரு கந்தோர் மற்றதைச் சுட்டிக்காட்டுவதிலேயே ஆண்டுகள் கழிந்துவிடும்.

சட்டம் விதித்த கடமையை அதிகாரி செய்யாதுவிடின், அதனைச் செய்யுமாறு பணிக்கும் எழுத்தாணைக்கு மண்டாமுஸ் என்று பெயர். 'நாம் ஆணையிடுகின்றோம்' என்பது அவ்விலத்தீன் சொல்லின் பொருள். 1978 ஆம் ஆண்டு அரசியலமைப்பின் 140 ஆம் உறுப்புரை மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு இவ்வதிகாரத்தை அளித்துள்ளது. ஆயினும் கடமையைச் செய்யுமாறு மனுதாரர் முன்னரே கேட்டிருத்தல் வேண்டும், அதிகாரி மறுத்திருத்தல் வேண்டும் என்பது நீதிமன்றங்கள் நெடுங்காலமாகக் கைக்கொள்ளும் விதி. மறுப்பு வாய்திறந்து கூறப்பட வேண்டுவதில்லை. நியாயமான காலங் கடந்த மௌனமும் மறுப்பாகக் கொள்ளப்படலாம். ஆனால், கேட்டதற்குச் சான்று எங்கே? திகதியிட்ட கடிதப் பிரதியும் பதிவுத் தபாற் பற்றுச்சீட்டுமே அச்சான்று. நாற்பது முறை நடந்த நடைக்குப் பற்றுச்சீட்டு இல்லை.

நீதியரசர்கள் எல்லைக்கல் நாட்டமாட்டார்கள். விண்ணப்பத்தை இன்ன காலத்துள் ஆராய்ந்து முடிவு கூறுக என்று பணிப்பதே பெரும்பாலும் கிட்டும் பேறு. ஆறாண்டு காத்திருந்தவருக்கு அது சிறிதன்று. (உறுதிக் காணிக்கு இவ்வழி பொருந்தாது. அங்கே பங்காளிகளிடையே பிணக்கெனின், 1977 ஆம் ஆண்டின் பிரிவிடற் சட்டப்படி மாவட்ட நீதிமன்றமே நில அளவையாளருக்கு ஆணை வழங்கி அளப்பிக்கும்.)

எந்த நீதிமன்றம் என்பதிலும் இடறுவோர் உளர். 1987 ஆம் ஆண்டின் பதின்மூன்றாந் திருத்தம் மாகாண மேல் நீதிமன்றங்களுக்கும் எழுத்தாணை அதிகாரம் வழங்கிற்று. எனினும் அரச காணி விடயத்தில் அவற்றுக்கு நியாயாதிக்கமில்லை என 2013 இல் உயர் நீதிமன்றம் தீர்த்தது. ஆகவே வன்னி விவசாயி கொழும்புக்கே செல்லல் வேண்டும். வழிச்செலவே ஏழையின் உரிமையைத் தின்றுவிடும் என அஞ்சுகின்றோம்.

அடிப்படை உரிமை வழக்காயின் தவணை ஒரு மாதமே. எழுத்தாணைக்கு அவ்வாறு நாட்கணக்கு இல்லை; ஆயினும் தாமதத்தை முறையிடுவோர் தாமே காரணமின்றித் தாமதித்து வந்தால் மனு தள்ளுபடியாகலாம்.

2016 ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டம் செலவு குறைந்த முதற்படி. தகவல் அலுவலர் 14 வேலை நாட்களுள் முடிவறிவித்தல் வேண்டும். "எமது கோப்பு எங்கே? அளவைக் கோரிக்கை எத்திகதியில் அனுப்பப்பட்டது?" என இரண்டே வினாக்களைப் பெரியவர் பெயரில் எழுதி அனுப்பினோம்.

மறுமொழி வந்தது. அவரது காணிக்கு அளவைக் கோரிக்கை அனுப்பப்படவேயில்லை.

பெரியவர் அதனைப் பேரனைக்கொண்டு இருமுறை வாசிப்பித்துக் கேட்டார். பின்னர் மடித்துத் துணிப்பைக்குள் வைத்துவிட்டு, எம்மிடம் ஒரு வெள்ளைத் தாள் கேட்டார்.