வடகயிலை யாத்திரையும் ஐயாற்றுக் கயிலைக் காட்சியும்

தஞ்சாவூரிலிருந்து திருவையாற்றிற்குச் செல்லும் சாலை ஏறத்தாழ 13 கி.மீ. தூரமே. அதற்குள் வடவாறு, வெண்ணாறு, வெட்டாறு, குடமுருட்டி, காவிரி என ஐந்து ஆறுகளைக் கடந்தாக வேண்டும். ஜூன் 12-இல் மேட்டூர் அணை திறக்கப்பெறும் ஆண்டுகளில், சில நாட்களில் இவ்வைந்து ஆறுகளிலும் புதுப்புனல் ஓடத் தொடங்கும். குறுவை நடவு நடைபெறும் அதே நாட்களில்தான், இமயத்திற்கு அப்பால் திபெத்துப் பீடபூமியில் மானசரோவர் ஏரியின் பனியும் முற்றிலும் கரைந்து, கயிலை யாத்திரைக்குரிய பருவம் தொடங்குகிறது.

வாழ்வில் ஒருமுறையேனும் திருக்கயிலையைக் கண்டு மானசரோவரில் நீராட வேண்டும் என்னும் ஆவல் சிவனடியார் பலருக்கும் உண்டு. பிள்ளைகளைக் கரையேற்றி, கடமைகளை முடித்து, பணி ஓய்வும் பெற்ற பின்னரே பலருக்கு அதற்கான காலம் வாய்க்கிறது. ஆனால் காலம் வாய்க்கும்போது உடல் தளர்ந்துவிடுகிறது. இந்த இடர்ப்பாடு இன்று தோன்றியதன்று. திருநாவுக்கரசு சுவாமிகளும் முதிர்ந்த பருவத்திலேயே கயிலைக்குப் புறப்பட்டார். அவருக்கு நேர்ந்ததை நினைவிற்கொண்டு இந்த யாத்திரையை எண்ணிப் பார்ப்பது, போக விரும்புவோர்க்கும் போக இயலாதோர்க்கும் பயன் தரும்.

இரண்டு ஏரிகள்

மானசரோவர் கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 4,590 மீட்டர் உயரத்தில் அமைந்த நன்னீர் ஏரி. அதன் சுற்றளவு சுமார் 88 கி.மீ.; பரப்பு 400 சதுர கி.மீட்டருக்கு மேல். அதன் மேற்கே, குறுகிய நிலப்பகுதி ஒன்றால் பிரிக்கப்பட்டு இராட்சதத் தால் என்னும் மற்றோர் ஏரி உள்ளது. இராவணன் தவம் இயற்றிய இடம் என்பது மரபு. மானசரோவர் கதிரவனைப் போல வட்டமாகவும், இராட்சதத் தால் பிறைமதியைப் போல வளைந்தும் தோன்றுவதாகச் சொல்வர். முன்னதன் நீர் இனியது. பின்னதன் நீர் உப்புச் சுவையுடையது. கங்கா சூ என்னும் கால்வாய் இரண்டையும் இணைக்கிறது.

மானசரோவரில் தீவுகள் இல்லை. இராட்சதத் தாலில் உண்டு. தோப்செர்மா, லாச்சாட்டோ என்பன அவற்றுள் பெயர் பெற்றவை. இப்பகுதியில் பல ஆண்டுகள் தங்கி ஆராய்ந்து, 1949-இல் கயிலை, மானசரோவர் பற்றி நூல் வெளியிட்ட சுவாமி பிரணவானந்தர், ஏரி உறைந்திருந்த காலத்தில் பனிக்கட்டியின் மீது நடந்து அத்தீவுகளைக் கண்டவர். யாத்திரைக் குழுவினர் இத்தீவுகளைக் கரையில் நின்று காண்பதோடு சரி. படகில் செல்வது யாத்திரையில் இல்லை.

தெற்கே 7,694 மீட்டர் உயரத்தில் குர்லா மாந்தாதா என்னும் பனிமலை நிற்கிறது. மாந்தாதா என்னும் மன்னன் அங்குத் தவம் செய்தான் என்பது நம்பிக்கை. சோழர் தம் செப்பேடுகளில் சூரிய குல முன்னோருள் ஒருவனாகப் போற்றுவதும் இந்த மாந்தாதாவையே. வடக்கே 6,638 மீட்டர் உயரமுள்ள திருக்கயிலை. இந்துக்களுக்கு மட்டுமன்றி, பௌத்தர், சமணர், திபெத்தின் பழஞ்சமயமான போன் நெறியினர் ஆகியோருக்கும் அது புனித மலை. சிந்து, சட்லெஜ், பிரம்மபுத்திரா, கர்ணாலி ஆகிய நான்கு ஆறுகளும் இவ்வட்டாரத்தில்தான் பிறக்கின்றன.

யாத்திரை நாட்கள்

நம் வெளியுறவு அமைச்சகம் 1981 முதல் இந்த யாத்திரையை நடத்திவருகிறது. 2020 முதல் ஐந்து பருவங்கள் நடைபெறாதிருந்து, 2025-இல் மீண்டும் தொடங்கிற்று. அவ்வாண்டு உத்தராகண்டின் லிபுலேக் கணவாய் வழியாக ஐந்து குழுக்களும், சிக்கிமின் நாதுலா கணவாய் வழியாகப் பத்துக் குழுக்களும் அறிவிக்கப்பட்டன. குழுவிற்கு 50 பேர். ஆக 750 பேர். விண்ணப்பித்தவர்களிலிருந்து கணினிக் குலுக்கல் மூலம் தேர்வு நடைபெறுகிறது. இரு வழிகளிலும் யாத்திரை ஏறத்தாழ மூன்று வாரங்கள் நீடிக்கும். 2025-இல் மதிப்பிடப்பட்ட செலவு லிபுலேக் வழிக்குச் சுமார் 1.74 இலட்சம் ரூபாய். நாதுலா வழிக்குச் சுமார் 2.83 இலட்சம் ரூபாய். இவையன்றி, காட்மாண்டு வழியாகத் தனியார் நிறுவனங்கள் அழைத்துச் செல்லும் பயணங்களும் உண்டு.

லிபுலேக் வழியில் செல்வோர் முதல் சில நாட்களைத் தில்லியில் மருத்துவப் பரிசோதனைக்கும் ஆவணங்களுக்கும் செலவிடுகின்றனர். பின் தனக்பூர், தார்ச்சூலா வழியாகக் குஞ்சி சேர்கின்றனர். மலைக்காற்றுக்கு உடல் பழகுவதற்காக அங்குத் தங்கல். இரண்டாம் மருத்துவப் பரிசோதனையும் அங்கேயே. இமயத்தின் இப்பகுதி எத்தகையது என்பதை 1998 ஆகஸ்டில் மால்பா என்னுமிடத்தில் நிகழ்ந்த நிலச்சரிவு உணர்த்திற்று. யாத்திரிகர் சுமார் 60 பேர் உட்பட இருநூற்றுக்கும் மேற்பட்டோர் அதில் மறைந்தனர். 2020-இல் எல்லைச் சாலை திறக்கப்பட்ட பின், முன்னர் நாட்கணக்கில் நடந்த தூரத்தின் பெரும்பகுதியை இப்போது ஊர்தியிலேயே கடக்கலாம்.

நபிதாங்கில் ஓம் பர்வதத்தைத் தரிசித்து, 5,000 மீட்டருக்கும் உயர்ந்த லிபுலேக் கணவாயைக் கடந்தால் தக்லாகோட். அங்கிருந்து வடக்கே செல்லும் சாலையில் முதலில் கண்ணுக்குத் தென்படுவது இராட்சதத் தால், அதன்பின்னரே மானசரோவர். ஏரிக்குள் இறங்கி நீராடுவதற்கு இப்போது கட்டுப்பாடுகள் உண்டு. வாளியில் நீர் மொண்டு, கரையை விட்டு விலகி நீராடுவதே வழக்கமாகியுள்ளது. கரையில் வழிபாடு செய்து, தீர்த்தம் சேகரித்துக்கொண்டு, தார்ச்சென் என்னும் ஊருக்குச் செல்கின்றனர்.

அங்கிருந்து கயிலை வலம். சுற்றுப்பாதை 52 கி.மீ.; பொதுவாக மூன்று நாட்கள். முதல் நாள் யமத்துவாரத்தைக் கடந்து திராபுக் சேர்தல். கயிலையின் வடமுகம் மிக அருகில் தோன்றும் இடம் அது. இரண்டாம் நாள்தான் கடினமானது. ஏறத்தாழ 5,630 மீட்டர் உயரமுள்ள டோல்மா கணவாயை ஏறிக் கடந்து, கௌரி குண்டத்தைக் கண்டவாறு கீழிறங்க வேண்டும். ஏறுவதற்கு மட்டக்குதிரை கிடைக்கும். செங்குத்தான இறக்கத்தில் நடந்தே ஆக வேண்டும். மூன்றாம் நாள் சுதுல்புக்கிலிருந்து புறப்பட்டால் வலம் நிறைவுறும்.

உடல் சொல்லும் சொல்

திருவையாறு கடல் மட்டத்திலிருந்து 50 மீட்டர் உயரம்கூட இல்லாத சமவெளி. அங்கு வாழ்ந்த உடல் மானசரோவர் கரையில் இழுக்கும் ஒவ்வொரு மூச்சிலும் கிடைப்பது, வழக்கமான பிராணவாயுவில் ஏறத்தாழ ஐந்தில் மூன்று பங்கே. டோல்மா கணவாயில் அது பாதியாகக் குறைகிறது. தலைவலி, குமட்டல், உறக்கமின்மை ஆகியவை பலருக்கும் வருவன, ஓய்வில் தணிவன. ஆனால் அமர்ந்திருக்கும்போதே மூச்சு வாங்குதல், நடை தள்ளாடுதல், பேச்சுத் தடுமாறுதல், நினைவு குழம்புதல் ஆகியவை தோன்றினால் உடனே கீழே இறங்குவது ஒன்றே வழி. ‘இன்னும் ஒரு நாள்தானே’ என்று மறைப்பது உயிருக்கே கேடாகும்.

இதனால்தான் அமைச்சகத்தின் விதிகள் கண்டிப்பானவை. வயது 18 முதல் 70 வரை. உயரத்திற்கேற்ற எடையைக் காட்டும் குறியீட்டெண் 25-க்கு மேற்படலாகாது. இரத்த அழுத்தம், நீரிழிவு, ஆஸ்துமா, இதயநோய், வலிப்பு ஆகியவை உள்ளோர் இந்த யாத்திரைக்கு ஏற்றவரல்லர். யாத்திரிகர் கையெழுத்திட்டுக் கொடுக்கும் தாள்களுள் ஒன்று, எல்லைக்கு அப்பால் உயிர் பிரிய நேர்ந்தால் அங்கேயே தகனம் செய்ய இசைவு அளிப்பது. அந்தத் தாளைத் தனியே படித்துக் கையெழுத்திடாமல், மனைவி மக்களோடு அமர்ந்து படித்து முடிவெடுப்பதே முறை.

தனியார் பயணங்களில் பரிசோதனை இவ்வளவு கடுமையாக இல்லாமல் இருக்கலாம். விதி தளர்ந்தாலும் மலையின் உயரம் குறைவதில்லை. வழியில் எத்தனை நாட்கள் உடல் பழகுவதற்கென ஒதுக்கியுள்ளனர், பிராணவாயு உருளையும் மருத்துவரும் உடன் வருவரா, பாதியில் திரும்ப நேர்ந்தால் அழைத்து வருவோர் யார், எவ்வளவு பணம் திரும்பக் கிடைக்கும், காப்பீடு எதுவரை செல்லும் என்பனவற்றை எழுத்தில் பெற்ற பின்னரே முன்பணம் செலுத்துதல் நலம். மூன்று, நான்கு மாதங்களுக்கு முன்பே நாள்தோறும் நடந்து பழகுவதும், மருந்துகளை மருத்துவர் சொற்படி மட்டுமே கொள்வதும் இன்றியமையாதவை.

தம்பதியாகப் புறப்பட்டவர்களில் ஒருவர் மட்டும் பரிசோதனையில் தேறி, மற்றவர் திருப்பி அனுப்பப்படுவதும் உண்டு. ஆண்டுக்கணக்கில் விரதம் இருந்து, சேமித்து, இருமுடி போலப் பைகளைக் கட்டிக்கொண்டு வந்தவர்க்கு அந்த நேரம் மிகக் கொடிது. ‘ஈசன் என்னை வேண்டா என்றானோ’ என்னும் கேள்வி எழாமல் இராது. அதற்கு விடை பெரியபுராணத்தில் உள்ளது.

திருப்பி அனுப்பப்பட்ட இருவர்

காளத்தியை வணங்கிய நாவுக்கரசர், வடதிசை நோக்கிப் புறப்பட்டுக் காசியையும் கடந்தார். உடன் வந்தோரை விடுத்துத் தனியே நடந்தார். பாதங்கள் தேய்ந்தன; கைகளால் தவழ்ந்தார். கைகளும் தேய்ந்தன, மார்பினால் உந்தினார். மார்பும் நைந்தபோது புரண்டு சென்றார். இறுதியில் அதுவும் இயலாமற் கிடந்தார். சிவபெருமான் முனிவர் வடிவில் எதிர்ப்பட்டு, மானுட உடலால் கயிலையை அடைதல் அரிது, திரும்பிச் செல்க என்றருளினார். அடிகள் இசையவில்லை. அப்போது இறைவன் அவரது உடலை முன்போல் நலமுறச் செய்து, அருகிலிருந்த தடாகத்தில் மூழ்கித் திருவையாற்றில் கயிலைக் கோலத்தைக் காணுமாறு பணித்தார். ஐந்தெழுத்தை ஓதி மூழ்கியவர் காவிரி நாட்டின் ஐயாற்றுக் குளத்தில் எழுந்தார். அந்தத் தடாகத்தை மானசரோவரோடு இணைத்தே அன்பர் பலர் போற்றுகின்றனர்.

காரைக்கால் அம்மையாரின் வரலாறும் இவ்வாறே. காலால் மிதிக்கத் தகாத மலை என்று தலையால் நடந்து கயிலையை அடைந்தார் அவர். ‘அம்மையே’ என்று இறைவனே அழைத்தான். ஆயினும் தமிழகத்துத் திருவாலங்காட்டில் தன் திருக்கூத்தைக் கண்டிருக்குமாறு அனுப்பிவைத்தான்.

ஒருவருக்கு மலை எட்டவில்லை; மற்றவருக்கு எட்டிற்று. இருவரையும் ஈசன் தெற்கே அனுப்பினான். இருவருக்கும் காட்சியை மறுக்கவில்லை. திரும்பி வருதல் அருள் மறுக்கப்பட்டதன் அடையாளம் அன்று என்பதற்கு இதனினும் சான்று வேண்டுவதில்லை.

ஐயாற்றில் இரு கயிலைகள்

ஐயாற்றில் எழுந்த அப்பர் கண்டது என்ன? யானை பிடியோடு வந்தது. கோழி பெடையோடு வந்தது. குயிலும் மயிலும் துணையோடு வந்தன. சோழநாட்டில் எவரும் நாள்தோறும் காணக்கூடியவை இவை. அவற்றிலேயே அம்மையப்பரைக் கண்டு, நான்காம் திருமுறையில் உள்ள புகழ்பெற்ற பதிகத்தைப் பாடினார்.

அந்தக் காட்சியின் நினைவை ஐயாறு கல்லிலும் போற்றி வைத்துள்ளது. ஐயாறப்பர் திருக்கோயிலில் வடகயிலை, தென்கயிலை என இரு தனிக்கோயில்கள் உள்ளன. வடகயிலை, முதலாம் இராசராசனின் தேவியான தந்திசக்தி விடங்கி என்னும் உலகமாதேவி எடுப்பித்தது. ஆயிரம் ஆண்டுப் பழமையுடையது.

ஆண்டுதோறும் ஆடி அமாவாசையன்று அதிகாலை முதலே புஷ்ய மண்டபப் படித்துறையில் காவிரியில் நீராடி முன்னோர்க்குத் தர்ப்பணம் செய்வோர் திரள்வர். அன்றே ஐயாறப்பர் அறம்வளர்த்த நாயகியோடு எழுந்தருளி அப்பருக்குக் கயிலைக் காட்சி அருளும் விழாவும் நடைபெறுகிறது. வடக்கே யாத்திரைக் குழுக்கள் கயிலையை வலம் வரும் பருவமும் அதுவே.

உடல் இடங்கொடுப்போர் தக்க ஆயத்தத்தோடு வடகயிலை சென்று வருக. போகுமுன் ஒருமுறை ஐயாறு சென்று, ‘மருத்துவர் திரும்பு என்றால் திரும்பிவரும் மனத்தைக் கொடு’ என்று வேண்டிக்கொள்க. வழியில் திரும்ப நேர்ந்தோரும், புறப்படவே இயலாதோரும் ஆடி அமாவாசையன்று ஐந்து ஆறுகளையும் கடந்து ஐயாற்றிற்கு வருக. முதுமையில் புரண்டு புரண்டு சென்ற அடியவர்க்கு இறைவன் காட்டிய கயிலை அங்கே இருக்கிறது.