கிழமை இல்லாத நாள்

மாணவர்களே, இந்த ஆண்டு உங்கள் பிறந்தநாள் திங்கட்கிழமை என்றால், அடுத்த ஆண்டு செவ்வாய்க்கிழமை வரும். இடையில் பிப்ரவரி 29 வந்தால் புதன்கிழமை. ஏன்? 365-ஐ 7-ஆல் வகுத்தால் 1 மிஞ்சும்.

‘தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ கதையில் வரும் ஹாபிட் மக்களுக்காக டோல்கீன் ஒரு நாள்காட்டியைக் கற்பனை செய்தார். அதில் மாதத்திற்கு 30 நாள், 12 மாதம். எந்த மாதத்திலும் சேராதவை 5 நாள். அவற்றுள் ஆண்டின் நடுநாளுக்குக் கிழமையே இல்லை, மிகுநாளுக்கும் இல்லை. மற்ற 364 நாளும் சரியாக 52 வாரம். ஆகவே, ஒவ்வொரு தேதியும் ஆண்டுதோறும் அதே கிழமையில் வரும்!

நம் உலகிலும் இப்படியொரு திட்டம் முன்மொழியப்பட்டது. வாராந்தர வழிபாட்டு நாள் மாறிவிடும் என்று சமயத்தினர் எதிர்த்தனர், திட்டம் நிறைவேறவில்லை.

மிஞ்சும் அந்த ஒரு நாளை நீங்கள் எங்கே வைப்பீர்கள்?