கோலிகுண்டு ஆடியிருக்கீங்களா? இந்தத் தங்கம் உங்களுக்குப் புரியும்!

வியாசர்பாடி சந்தில் நின்று 'பௌலிங்' என்றால், பசங்க டென்னிஸ் பந்தைத்தான் தேடுவாங்க. காமன்வெல்த்தில் இருக்கும் 'லான் பௌல்ஸ்' வேற. தூரத்தில் ஒரு சின்ன பந்து கிடக்கும். பெயர், 'ஜாக்'. அதற்கு நெருக்கமாக உங்கள் பந்தை உருட்டி நிறுத்த வேண்டும். கிட்டத்தட்ட நம்ம கோலிதான். ஆனால், இந்தப் பந்து நேராக ஓடாது. ஒரு பக்கம் வளைந்து போகும்படியே செய்திருப்பார்கள்.

2022 ஆகஸ்ட் 2, பர்மிங்ஹாம் காமன்வெல்த். பெண்கள் நால்வர் இறுதிப்போட்டியில் தென்னாப்பிரிக்காவோடு 10-10 எனச் சமநிலை. அங்கிருந்து 17-10 என இந்தியா ஜெயித்தது. இந்த விளையாட்டில் நமக்குக் கிடைத்த முதல் காமன்வெல்த் பதக்கமே தங்கம்!

லவ்லி சௌபே, பிங்கி சிங், நயன்மோனி சைகியா, ரூபா ராணி திர்கி. நால்வருமே 30 வயதைத் தாண்டியவர்கள். லவ்லி ஓட்டத்தையும், நயன்மோனி பளுதூக்குதலையும் காயத்தால் விட்டவர்கள். 'அவ்வளவுதான்' என்று மற்றவர்கள் நினைத்திருக்கக்கூடிய நேரத்தில்தான் பந்தைக் கையில் எடுத்தார்கள்.

2026 கிளாஸ்கோ காமன்வெல்த்துக்கு விளையாட்டுகளை 10 ஆகச் சுருக்கியதில் ஹாக்கி, பாட்மின்டன், மல்யுத்தம் எல்லாம் அவுட். பௌல்ஸ் தப்பித்தது. இந்த முறை புல்லில் இல்லை, உள்ளரங்கில்!