நூற்றாண்டு விட்டு நூற்றாண்டு வணிகம்

நாடு விட்டு நாடு சரக்குப் போவது நமக்குத் தெரியும். நூற்றாண்டு விட்டு நூற்றாண்டு போனால்?

ஐசக் அசிமோவின் 'தி எண்ட் ஆஃப் எடர்னிட்டி' நாவலில் அதற்கென்றே ஓர் அமைப்பு உண்டு. நாவல் வெளிவந்தது 1955-இல். கதையில் அந்த அமைப்பு உருவாவது 27-ஆம் நூற்றாண்டில். புற்றுநோய் மருந்துகூட அதன் வழியே ஒரு காலத்திலிருந்து இன்னொரு காலத்துக்குப் போகும். ஆனால் கேட்டவர்க்கெல்லாம் கிடைக்காது. இன்னார் பிழைத்தால் வரலாறு எப்படித் திரும்பும் என்று முதலில் கணக்குப் பார்ப்பார்கள்!

கால யந்திரம் ஓட மின்சாரம்? எதிர்காலத்தில் சூரியன் வெடிக்கும் தருணத்திலிருந்தே எடுத்துக்கொள்கிறார்கள். நம் சூரியனுக்கு வெடிக்கும் அளவு நிறை இல்லை என்கிறது வானியல். கதைக்கு அது போகட்டும்.

உண்மையில் வணிகம் வெறும் முகப்புத்தான்; அமைப்பின் அசல் வேலை வரலாற்றை மாற்றுவது. அலமாரியில் ஒரு பெட்டியை ஒரு தட்டிலிருந்து இன்னொரு தட்டுக்கு மாற்றிவைப்பார்கள். அவ்வளவுதான், நடப்பிலிருந்த உலகம் மறைந்து அதனிடத்தில் வேறோர் உலகம் வந்துவிடும். அங்கு வாழ்பவர்களுக்கு எதுவும் தெரியாது.

இந்தக் கதைக்குப் பொறி, 1932-ஆம் ஆண்டு 'டைம்' இதழ் ஒன்றில் அசிமோவ் பின்னாளில் பார்த்த விளம்பரப் படம். அணுகுண்டின் காளான் மேகம்போல் தெரிந்த அது, உண்மையில் பீறிட்டெழும் ஒரு வெந்நீர் ஊற்று.