ட்ரெவெலியன்: வாயை மூடத் தெரியாத அதிகாரி

தேர்வு எழுதித்தான் அரசு வேலைக்கு வரவேண்டும், திறமையைப் பார்த்துத்தான் பதவி உயர்வு என்று 1854-ல் லண்டனில் ஒரு அறிக்கை வெளியானது. நார்த்கோட்-ட்ரெவெலியன் அறிக்கை என்று பெயர். பிரிட்டிஷ் சிவில் சர்வீஸுக்கு அதுதான் அஸ்திவாரம். அதை எழுதிய இருவரில் ஒருவரான சார்லஸ் ட்ரெவெலியன், மேலிடத்துக்கு அடங்கிப் போகிற ஆளே கிடையாது என்பதுதான் வேடிக்கை.

1807-ல் பிறந்தவர். கம்பெனி வேலையில் சேர்ந்து 1827-ல் டெல்லிக்குப் போனார். போன கொஞ்ச நாளிலேயே தன் மேலதிகாரி, ரெசிடென்ட் கோல்புரூக், லஞ்சம் வாங்குவதாகக் குற்றம் சாட்டினார். விசாரணை நடந்தது. 1829-ல் வேலை போனது கோல்புரூக்குக்கு!

1840-ல் லண்டன் கருவூலத்தில் உதவிச் செயலாளர் ஆனார். பேருக்குத்தான் 'உதவி', அங்கிருந்த அதிகாரிகளுக்கெல்லாம் அவர்தான் தலைமை. 1843-ல் அயர்லாந்து போய்வந்து, கண்டதைப் புனைபெயரில் பத்திரிகைக்கு எழுதிவிட்டார். பிரதமர் பீலுக்குக் கடும் கோபம். எப்படியோ வேலை தப்பியது.

1859-ல் சென்னை கவர்னர். சென்ட்ரல் பக்கத்தில் இருந்த பீப்பிள்ஸ் பார்க் இவர் ஏற்பாடுதான். அடுத்த வருடமே கல்கத்தாவில் நிதிப் பொறுப்பிலிருந்த ஜேம்ஸ் வில்சன் வருமான வரி கொண்டுவந்தார். ட்ரெவெலியன் எதிர்த்தார். எதிர்த்ததோடு விடாமல், அந்த அரசாங்கக் குறிப்பைப் பத்திரிகைகளுக்கும் கொடுத்துவிட்டார். இந்த முறை தப்பவில்லை, பதவி போச்சு. ஆனால் சில வருடங்களில் அதே நிதிப் பொறுப்புக்கு அவரையே அனுப்பினார்கள். 1865-ல், அவர் காலத்திலேயே, அந்த வரி முடிவுக்கு வந்தது.

இதுவரை படித்தால் ஹீரோ மாதிரி தெரிவார். நடுவில் ஒன்றைத் தாண்டி வந்துவிட்டேன்.

1845-ல் அயர்லாந்தில் உருளைக்கிழங்குப் பயிரை நோய் தாக்கிப் பஞ்சம் வந்தது. நிவாரணப் பணம் ட்ரெவெலியன் கையில். ராத்திரி பகலாக உழைத்தார், அதில் சந்தேகமில்லை. ஆனால், அரசு தாராளமாகக் கொடுத்தால் ஜனங்கள் சோம்பேறி ஆகிவிடுவார்கள், வியாபாரம் தானே உணவைக் கொண்டுவரும் என்று உறுதியாக நம்பினார். மந்திரிகள் பலரும் அதையே நம்பினார்கள். 1847-ல், பஞ்சம் முடியாமலே, அரசுக் கஞ்சித்தொட்டிகள் மூடப்பட்டன. சுமை உள்ளூர் வரிகள் மேல் விழுந்தது. மொத்தத்தில் சுமார் 10 லட்சம் பேர் இறந்தார்கள். 1848-ல் அவருக்கு 'சர்' பட்டம்.

மேலதிகாரி தப்பு செய்தால் பேசினார், வரி தப்பு என்று பட்டபோதும் பேசினார். தன் நம்பிக்கையே தப்பாக இருக்குமோ என்று மட்டும் அவர் கேட்டுக்கொண்டதாகத் தெரியவில்லை. நேர்மை, தைரியம், உழைப்பு மூன்றும் இருந்தவர். திறமையைத் தேர்வு வைத்துப் பார்க்கலாம். இதை எந்தத் தேர்வு வைத்துப் பார்ப்பது?